50 லட்சம் வாங்கினால் ஒரு கோடி கட்ட வேண்டுமா? வீட்டுக்கடனின் நிஜமான செலவு

உங்கள் கேள்வியைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். வயது 34, ஆண்டுச் சம்பளம் சுமார் 16 லட்சம். சென்னைப் புறநகரில் முடிச்சூர் பக்கம் 65 லட்சத்துக்கு ஒரு தனி வீடு பார்த்திருக்கிறீர்கள். வங்கி 50 லட்சம் தருகிறது. மாறும் வட்டி, இப்போதைக்கு 8.5 சதவீதம், 20 வருடம், இ.எம்.ஐ. (மாதத் தவணை) 43,391 ரூபாய். உங்கள் தம்பி கணக்குப் போட்டுப் பார்த்துவிட்டு, "அண்ணே, ஒரு கோடிக்கு மேல கட்டுவீங்க, வேணாம்" என்கிறார். புரோக்கரோ, "வட்டியெல்லாம் டாக்ஸ்ல திரும்பி வந்துடும் சார்" என்கிறார். யார் சொல்வது சரி, இந்தக் கடனின் உண்மையான செலவு என்ன என்பது கேள்வி.

தம்பி போட்ட கணக்கில் பிழை இல்லை. அதிலிருந்து அவர் எடுத்த முடிவில்தான் கொஞ்சம் அவசரம். புரோக்கர் சொன்னதில் கணக்கே கிடையாது, அதைக் கடைசிப் பக்கம் பார்ப்போம்.

43,391-ஐ 240 மாதத்தால் பெருக்கினால் 1,04,13,840. அசல் 50 லட்சம் போக வட்டி மட்டும் 54 லட்சத்துக்குச் சற்று மேல். இது எப்படி இவ்வளவு ஆகிறது என்பதை முதல் மாதத் தவணையிலேயே பார்த்துவிடலாம். 50 லட்சத்துக்கு ஒரு மாத வட்டி 35,417 ரூபாய். நீங்கள் கட்டும் 43,391-ல் இது போக அசலில் கழிவது 7,974 ரூபாய்தான். அடுத்த மாதம் வட்டி 56 ரூபாய் குறையும், அசலில் கழிவது அதே 56 ரூபாய் கூடும். இப்படி ஊர்ந்து ஊர்ந்துதான் போகும். ஐந்து வருடம் தவறாமல் கட்டி முடித்தபின் ஸ்டேட்மென்ட் எடுத்தால், கட்டியது 26 லட்சம், பாக்கி 44 லட்சம் என்று இருக்கும். பலர் இந்த இடத்தில்தான் வங்கி ஏமாற்றிவிட்டது என்று கொதித்துப்போய்க் கிளைக்கு வருவார்கள். யாரும் ஏமாற்றவில்லை. பாக்கி எவ்வளவோ அதற்குத்தான் வட்டி, ஆரம்பத்தில் பாக்கி அதிகம், அவ்வளவுதான். பத்து வருடம் முடியும்போதும் 35 லட்சம் பாக்கி நிற்கும். தவணையில் பாதிக்கு மேல் அசலுக்குப் போக ஆரம்பிப்பது கிட்டத்தட்ட 12-ம் வருடத்தின் கடைசியில்.

ஆனால் தம்பியின் ஒரு கோடியில் ஒரு குறை இருக்கிறது. இன்று கட்டும் 43,391-ஐயும் இருபதாவது வருடம் கட்டப்போகும் 43,391-ஐயும் ஒரே மதிப்பாகக் கூட்டியிருக்கிறார். 2005-ல் 10,000 ரூபாய் வாடகை என்றால் எவ்வளவு பெரிய வீடு என்று யோசித்துப் பாருங்கள். விலைவாசி ஆண்டுக்கு 5 சதவீதம் ஏறும் என்று வைத்துக்கொண்டு எல்லாத் தவணைகளையும் இன்றைய ரூபாய்க்குக் கொண்டுவந்தால், மொத்தம் 65 லட்சத்து 75 ஆயிரம் வருகிறது. அதாவது வாங்கிய 50 லட்சத்துக்கு, இன்றைய மதிப்பில் கூடுதலாகக் கொடுப்பது 15 முதல் 16 லட்சம். இரண்டு மடங்கு என்ற பயம் அந்த அளவுக்குத் தேவையில்லை. இதைச் சொல்வதால் நான் கடனுக்கு வக்காலத்து வாங்குவதாக நினைக்க வேண்டாம். இந்த 65 லட்சத்து 75 ஆயிரம் என்ற கணக்கு நிற்க வேண்டுமானால் கடன் 240 மாதத்தில் முடிய வேண்டும். அங்கேதான் சிக்கலே.

வீட்டுக்கடனில் எல்லோரும் பார்ப்பது இ.எம்.ஐ. எவ்வளவு, வட்டி எத்தனை சதவீதம் என்ற இரண்டு எண்களை. மூன்றாவது ஓர் எண் இருக்கிறது: இன்னும் எத்தனை மாதம். கடன் விலை கூடுவதும் குறைவதும் பெரும்பாலும் இந்த மூன்றாவது எண்ணால்தான், அதைத்தான் யாரும் பார்ப்பதில்லை.

அதே 50 லட்சம், அதே 8.5 சதவீதத்தை 30 வருடத்துக்குப் போட்டால் இ.எம்.ஐ. 38,446. மாதம் ஐயாயிரம் குறைவு, கேட்க இனிமையாக இருக்கும். மொத்த வட்டி 88 லட்சத்து 40 ஆயிரம். மாதம் ஐயாயிரம் மிச்சம் பிடிக்க 34 லட்சம் கூடுதல் வட்டி. இந்தப் பக்கம் 15 வருடத்துக்குப் போட்டால் இ.எம்.ஐ. 49,237, வட்டி 38 லட்சத்து 63 ஆயிரம். மாதம் ஆறாயிரம் கூடக் கட்டினால் 15 லட்சத்துக்கு மேல் மிச்சம்.

இது நீங்களே தெரிந்து தேர்ந்தெடுக்கும் காலம். உங்களுக்குத் தெரியாமல் நீளும் காலம் ஒன்று உண்டு, அதற்கு 2022-க்குப் போக வேண்டும்.

2019 அக்டோபர் 1-லிருந்து வங்கிகள் தரும் புதிய மாறும் வட்டி வீட்டுக்கடன்கள் வெளி அளவுகோல் ஒன்றோடு, அதாவது வங்கி தானே நிர்ணயிக்காத ஒரு விகிதத்தோடு, கட்டப்பட வேண்டும் என்று ரிசர்வ் வங்கி விதித்தது. பெரும்பாலான வங்கிகள் ரெப்போ விகிதத்தை, அதாவது வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி குறுகிய காலக் கடன் தரும் வட்டியை, எடுத்துக்கொண்டன. கொரோனா காலத்தில் ரெப்போ 4 சதவீதத்தில் இருந்தது, வீட்டுக்கடன் 6.7, 6.8 என்று கிடைத்தது. அந்த வட்டி அப்படியே இருக்கும் என்று நம்பி நிறையப் பேர் பெரிய கடனாக எடுத்தார்கள். 2022 மே மாதம் ரெப்போ ஏற ஆரம்பித்தது. 2023 பிப்ரவரிக்குள் 6.5. பத்தே மாதத்தில் இரண்டரை சதவீதம்.

அப்போது வாடிக்கையாளருக்குப் போன குறுஞ்செய்திகள் ஏறக்குறைய ஒரே அச்சில் இருக்கும். உங்கள் கடனின் வட்டி விகிதம் மாற்றப்பட்டுள்ளது, தவணைத் தொகையில் மாற்றமில்லை. இரண்டாவது வரியைப் படித்ததும் "அப்பாடா" என்று போனை வைத்துவிடுவார்கள். விஷமே அந்த இரண்டாவது வரியில்தான் இருக்கிறது. தவணை மாறவில்லை என்றால் காலம் மாறியிருக்கிறது என்று அர்த்தம்.

கணக்காகப் பாருங்கள். ஒருவர் 50 லட்சத்தை 6.75 சதவீதத்தில் 20 வருடத்துக்கு எடுத்தார், இ.எம்.ஐ. 38,018. ஒன்றரை வருடம் கட்டினார், பாக்கி 48 லட்சத்து 13 ஆயிரம், இன்னும் 222 மாதம். இப்போது வட்டி 9.25 ஆகிறது (உண்மையில் படிப்படியாக ஏறியது, எளிமைக்காக ஒரே அடியாக வைத்துக்கொள்கிறேன்). ஒரு மாத வட்டியே 37,101 ரூபாய். 38,018 கட்டினால் அசலில் கழிவது வெறும் 917 ரூபாய். இதே தவணையைத் தொடர்ந்தால் கடன் முடிய 485 மாதம் ஆகும். 40 வருடத்துக்கும் மேல்! பாக்கியிருந்த பதினெட்டரை வருடம் நாற்பதாகிவிட்டது, அவர் கணக்கிலிருந்து பிடிக்கும் தொகையில் ஒரு ரூபாய்கூட மாறாமல். நடைமுறையில் வயது வரம்பு இருப்பதால் வங்கி அவ்வளவு தூரம் விடாது, கொஞ்சம் காலத்தை நீட்டி, கொஞ்சம் தவணையை ஏற்றும். பழைய 222 மாதத்திலேயே முடிக்க வேண்டுமானால் தவணை 45,346 ஆக வேண்டும்.

இந்தக் கூத்து பெரிதானபின் 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை விட்டது. வட்டி மாறும்போது தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலப்பதா என்று வாடிக்கையாளரைக் கேட்க வேண்டும். தவணை மாத வட்டிக்குக்கூடப் போதாத நிலை வரக்கூடாது. இவைதான் அதன் சாரம். ஆகவே இன்று உங்களுக்குக் கேட்கும் உரிமை இருக்கிறது. கேட்காமல் இருந்தால் எது நடக்கும் என்பதை நான் சொல்லத் தேவையில்லை. வட்டி இறங்கும்போதும் இதே கவனம் வேண்டும். 2025-ல் ரெப்போ 6.5-லிருந்து 5.25 வரை இறங்கியது. அப்போது தவணையைக் குறைத்துக்கொண்டவர்களைவிட, பழைய தவணையையே தொடர்ந்து மாதங்களைக் குறைத்துக்கொண்டவர்கள்தான் புத்திசாலிகள் என்பேன்.

இன்னொன்று. வெளி அளவுகோல் விதி வங்கிகளுக்குத்தான். வீட்டுவசதி நிதி நிறுவனங்கள் தங்கள் சொந்த அடிப்படை விகிதத்தை வைத்துக்கொள்ளலாம். ஏறும்போது வேகமாகவும் இறங்கும்போது ஆற அமரவும் நகரும் விகிதங்கள் இருக்கின்றன. அப்படி ஓரிடத்தில் வாங்கினால், புதிதாக வருபவருக்கு என்ன வட்டி தருகிறார்கள் என்று வருடம் ஒருமுறை விசாரியுங்கள். உங்களுடையதைவிடக் குறைவாக இருந்தால் ஒரு மாற்றுக் கட்டணம் வாங்கிக்கொண்டு குறைத்துத் தருவார்கள். கேட்காதவருக்குப் பழைய வட்டி ஓடிக்கொண்டே இருக்கும்.

வட்டி குறைவு என்று கடனை வேறு வங்கிக்கு மாற்றுவதிலும் இதே பொறி உண்டு. உங்கள் கடனையே எடுத்துக்கொள்வோம். ஐந்து வருடம் கழித்து 44 லட்சம் பாக்கி. வேறு வங்கி 8 சதவீதத்துக்கு அழைக்கிறது, இ.எம்.ஐ. 36,856 ஆகும் என்கிறது. மாதம் 6,500 மிச்சம், கசக்குமா? ஆனால் அவர்கள் போட்டிருப்பது மறுபடி 20 வருடம். மொத்தம் 88 லட்சத்து 45 ஆயிரம் கட்டுவீர்கள். பழைய இடத்திலேயே 8.5-ல் மீதி 15 வருடம் கட்டியிருந்தால் 78 லட்சத்து 10 ஆயிரம்தான். வட்டி குறைந்தது, தவணை குறைந்தது, செலவு பத்து லட்சம் கூடியது. மாற்றுவதானால் 15 வருடத்துக்கே மாற்றுங்கள். அப்போது 2 லட்சத்து 30 ஆயிரம் மிஞ்சும், அதிலும் புது வங்கியின் ப்ராசஸிங் ஃபீஸ், லீகல் ஒப்பீனியன், எம்.ஓ.டி. (பத்திரங்களை வங்கியில் அடமானமாக ஒப்படைத்ததைப் பதியும் ஆவணம்) செலவைக் கழித்துப் பார்க்க வேண்டும்.

இனி இ.எம்.ஐ.யில் தெரியாத செலவுகள். 30 லட்சத்துக்கு மேல் 75 லட்சம் வரையிலான கடனுக்கு வீட்டு மதிப்பில் 80 சதவீதம்வரைதான் வங்கி தரலாம், அதில் பத்திரச் செலவைச் சேர்க்க முடியாது. ஆக 65 லட்சத்தில் 15 லட்சம் உங்கள் கையிலிருந்து. அதன்மேல் தமிழ்நாட்டில் கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத்தீர்வையும் பதிவுக்கட்டணமும் சேர்த்து 9 சதவீதம், 65 லட்சத்துக்கு 5 லட்சத்து 85 ஆயிரம். விற்பவர் பத்திரத்தில் குறைத்துக் காட்டலாம் என்பார். குறைத்துக் காட்டினால் கடனும் குறையும், நாளை நீங்கள் விற்கும்போது லாபம் அதிகமாகத் தெரிந்து வரியும் கூடும், சட்டச் சிக்கல் தனி. வேண்டாம். இந்த இருபது, இருபத்தொரு லட்சத்துக்காக நகையை வைப்பதும் பர்சனல் லோன் எடுப்பதும்தான் பலர் செய்வது. அந்த வட்டியையும் வீட்டின் செலவில் எழுதுங்கள்.

கடன் கையெழுத்தாகும் நாளில் இன்னொரு தாள் நீட்டப்படும்: கடன் பாதுகாப்புக் காப்பீடு, ஒரே பிரீமியம், "லோன்லயே சேர்த்துடலாம் சார், கையிலிருந்து எதுவும் தர வேண்டாம்". ஒன்றரை லட்சம் பிரீமியம் என்று வையுங்கள். கடனில் சேர்ந்துவிட்டால் அதற்கும் 8.5 சதவீதம், 20 வருடம். மாதம் 1,302 வீதம் மொத்தம் 3 லட்சத்து 12 ஆயிரம் கட்டுவீர்கள். காப்பீடு தேவை, மறுக்கவில்லை, 34 வயதில் வீட்டுக்கடனோடு டேர்ம் இன்சூரன்ஸ் (இறந்தால் குடும்பத்துக்குப் பணம் தரும் ஆயுள் காப்பீடு) இல்லாமல் இருப்பது குடும்பத்துக்குச் செய்யும் துரோகம். ஆனால் அதைத் தனியாக வாங்குங்கள். வேறு வங்கிக்குக் கடனை மாற்றினாலும் அது உங்களோடு வரும். இந்தக் காப்பீடு எடுத்தால்தான் கடன் என்று யாராவது சொன்னால், அந்த நிபந்தனையை எழுத்தில் கேளுங்கள், பெரும்பாலும் அங்கேயே பேச்சு மாறிவிடும்.

இவற்றையெல்லாம் ஒரே இடத்தில் பார்க்க ஒரு வழி வந்திருக்கிறது. 2024 அக்டோபர் 1 முதல் எல்லாச் சில்லறைக் கடன்களுக்கும் முக்கிய விவர அறிக்கை, அதாவது கே.எஃப்.எஸ்., தர வேண்டும். அதில் ஏ.பி.ஆர். என்று ஒரு விகிதம் இருக்கும். வட்டியோடு கட்டணங்களையும் காப்பீட்டையும் சேர்த்துக் கணக்கிட்ட ஆண்டு விகிதம் அது. இரண்டு வங்கிகளை ஒப்பிட விளம்பரத்தில் போடும் வட்டியைப் பார்க்காதீர்கள், இதைப் பாருங்கள்.

நீங்கள் கட்டி முடித்த வீட்டை வாங்குவதால் ப்ரீ-இ.எம்.ஐ. தொல்லை இல்லை. கட்டிக்கொண்டிருக்கும் ஃபிளாட் என்றால், விடுவித்த தொகைக்கு வட்டி மட்டும் கட்டிக்கொண்டே இருக்க வேண்டும், அசலில் ஒரு பைசா குறையாது, வாடகையும் தனியாகப் போகும். 30 லட்சம் விடுவித்த நிலையில் பில்டர் இரண்டு வருடம் இழுத்தால் 5 லட்சத்துக்கு மேல் காற்றில் போகும்.

இப்போது புரோக்கரின் டாக்ஸ். முதல் வருடம் நீங்கள் கட்டும் வட்டி 4 லட்சத்து 21 ஆயிரம். நீங்களே குடியிருக்கும் வீட்டுக்கு, பழைய வரிமுறையில், வட்டியில் அதிகபட்சம் 2 லட்சத்துக்குத்தான் விலக்கு. புதிய வரிமுறையில் அதுவும் கிடையாது. சரி, பழைய முறைக்குப் போகலாமா? 2025-26 நிதியாண்டின் விகிதங்களைப் போட்டுப் பார்த்தேன். 16 லட்சம் சம்பளத்தில் நிலையான கழிவு, வட்டி 2 லட்சம், 80சி-யில் (பி.எஃப்., எல்.ஐ.சி. போன்ற சேமிப்புகளுக்கான கழிவு) முழு ஒன்றரை லட்சம் எல்லாம் கழித்தபின்னும் பழைய முறையில் வரி 1,79,400. எதையும் காட்டாமல் புதிய முறையில் போனால் 1,13,100. கடன் காட்டி வரி மிச்சம் பிடிக்கப் போனால் 66,000 ரூபாய் அதிகம் கட்டுவீர்கள். வேறு பெரிய கழிவுகள் உங்களிடம் இருந்தால் கணக்கு கொஞ்சம் நகரும். ஆனால் உங்கள் கடனின் செலவைக் கணக்கிடும்போது வரிச் சலுகை என்ற இடத்தில் பூஜ்யம் போடுங்கள். இந்த ஒரு விஷயத்தில் ஊரே இன்னும் பத்து வருடத்துக்கு முந்தைய கணக்கில் பேசிக்கொண்டிருக்கிறது.

காலத்தை எப்படிச் சுருக்குவது? தனிநபரின் மாறும் வட்டி வீட்டுக்கடனை முன்கூட்டிக் கட்டினால் அபராதம் வாங்கக்கூடாது என்று வங்கிகளுக்கு 2012-லேயே ரிசர்வ் வங்கி சொல்லிவிட்டது. உங்கள் கடனில் முதல் வருடம் முடிந்ததும் 2 லட்சம் கூடுதலாகக் கட்டினால் கடைசியிலிருந்து 21 மாதம் உதிர்ந்துவிடும், வட்டியில் 7 லட்சத்துக்கு மேல் மிச்சம். அதே 2 லட்சத்தைப் பதினான்காம் வருட முடிவில் கட்டினால் ஏழரை மாதம்தான் குறையும், மிச்சம் ஒன்றேகால் லட்சம். இதில் மாயமில்லை, இரண்டிலுமே உங்கள் பணத்துக்கு 8.5 சதவீதம் கிடைத்த மாதிரிதான். ஆனால் ரிஸ்க் இல்லாமல், வரி இல்லாமல் 8.5 தரும் வேறு இடம் எனக்குத் தெரிந்து இல்லை. கட்டும்போது ஒன்றை மறக்காதீர்கள். "இ.எம்.ஐ.யைக் குறைக்கவா, டெனூரைக் குறைக்கவா" என்று படிவத்தில் ஒரு கேள்வி இருக்கும். டெனூர், அதாவது கடன் காலம், என்று குறியுங்கள்.

மொத்தமாகப் பணம் வராதவர்களுக்கு இன்னொரு வழி: சம்பளம் ஏறும்போது வருடத்துக்கு 5 சதவீதம் தவணையை ஏற்றுவது. இரண்டாம் வருடம் 45,561, மூன்றாம் வருடம் 47,839 என்று போனால் உங்கள் கடன் பன்னிரண்டே கால் வருடத்தில் முடிந்துவிடும். வட்டி 54 லட்சத்துக்குப் பதில் 35 லட்சத்துக்குள் அடங்கும்.

ஆக, உங்கள் நிலையில் நானாக இருந்தால் 20 வருடத்துக்கே வாங்குவேன், 15 வேண்டாம். வேலை போகும் ஒரு வருடம் வந்தால் 49,237 கழுத்தை நெரிக்கும், 43,391-ஐ எப்படியாவது சமாளிக்கலாம். ஆறு மாதத் தவணையை எஃப்.டி.யில் தனியாக வைத்தபின்தான் கூடுதலாகக் கட்ட ஆரம்பிப்பேன். ஒவ்வொரு ஏப்ரலிலும் ரீபேமென்ட் ஷெட்யூலைப் புதிதாக இறக்கி, கடைசி வரியில் இருக்கும் மாதத்தைப் பார்ப்பேன். போன வருடத்தைவிட அது தள்ளிப் போயிருந்தால் அன்றே வங்கிக்கு எழுதுவேன்.

கடன் முடிந்ததும் ஒரு சின்னச் செலவு பாக்கி இருக்கும். தமிழ்நாட்டில் எம்.ஓ.டி. பதிவாகியிருப்பதால், கடன் தீர்ந்தது என்று வங்கி ரசீது ஆவணம் பதிந்து கொடுக்க வேண்டும். அதைச் செய்யாவிட்டால் கடனே இல்லாத வீட்டுக்கும் வில்லங்கச் சான்றில் கடன் நின்றுகொண்டிருக்கும், விற்கப்போகும்போதுதான் தெரியவரும். மூலப் பத்திரங்களை முழுப் பணமும் கட்டிய 30 நாளுக்குள் வங்கி திருப்பித் தர வேண்டும், வங்கியின் தவறால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு. 2023 டிசம்பர் முதல் இது விதி. பத்திரங்களை வங்கியில் ஒப்படைக்கும் நாளிலேயே ஒவ்வொன்றின் பெயரும் எண்ணும் எழுதிய பட்டியலில் வங்கி முத்திரையோடு கையெழுத்து வாங்கி வையுங்கள்.